தோண்டினால் ஆழம் வருமா?

(முன்னாள் மாணவர் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம். மேடையில் நேரம் போதாமல் விட்டுப்போன சிலவற்றையும் மலர்க்குழுவினர் கேட்டுக்கொண்டபடி இங்கே சேர்த்திருக்கிறேன்.)



"என்ன தலைப்பில் பேசப் போறீங்க?" என்று சங்கச் செயலாளர் போனில் கேட்டார். "ஆற்றை ஆழப்படுத்திக் கப்பல் விடுறது பற்றி" என்றேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம், "நம்ம ஊர்லயா தம்பி?" என்றார். அவர் கேட்டதும் நியாயம்தான். அர்ச்சுனா நதியிலும் வைப்பாற்றிலும் நமக்குக் கப்பல் வேண்டாம், வருஷத்தில் ரெண்டு மாசம் தண்ணீர் வந்தால் போதும். ஆனால் ராஜபாளையம் மில்லுக்கு வருகிற வெளிநாட்டுப் பஞ்சு கப்பலில்தான் வருகிறது. இங்கே நூற்கிற நூலும் கப்பலேறித்தான் போகிறது. இன்னொரு விஷயமும் உண்டு. நமக்குப் பக்கத்தில் உள்ள ரெண்டு ஆறுகளை நாடாளுமன்றம் கப்பல் பாதை என்று சட்டத்தில் எழுதி வைத்திருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

சிவில் படித்துவிட்டு நான் போய்ச் சேர்ந்தது கட்டட வேலைக்கு அல்ல. மேற்கு வங்காளத்தில் ஹூக்ளி ஆற்றின் முகத்துவாரத்தில் ஆழம் அளக்கிற சர்வே வேலைக்கு. ஒரு சின்னப் படகு, அதன் அடியில் ஒரு எக்கோ சவுண்டர். அது ஒலியை ஆற்றின் அடிக்கு அனுப்பும், திரும்பி வருகிற நேரத்தை வைத்து இங்கே இவ்வளவு ஆழம் என்று சொல்லும். காலையில் கிளம்பி, துணியில் ஊடு இழை ஓட்டுகிற மாதிரி இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் போய் வர வேண்டும். சாயங்காலம் வரைபடம் போட்டு ஒப்படைக்க வேண்டும். அதைப் பார்த்துத்தான் மறுநாள் கப்பல் எந்தத் தடத்தில், எவ்வளவு சரக்கோடு வரலாம் என்று முடிவாகும். இந்த வேலையில் இருப்பவன் ஒன்றை வெகு சீக்கிரம் தெரிந்துகொள்வான். போன வாரம் டிரெட்ஜர் வைத்துத் தோண்டிய இடம் இந்த வாரம் மேடாக இருக்கும். அடுத்த வாரம் திரும்பவும் தோண்டுவார்கள். வருஷக் கணக்காக இது நடக்கிறது.

நம்ம ஊர் ஆள் முதலில் இதை நம்ப மாட்டான். ஏனென்றால் நமக்குத் தெரிந்தது கண்மாய். ஸ்ரீவில்லிபுத்தூர் பெரியகுளம் கண்மாயில் தூர் வாரினால், அந்தக் கரம்பையை வண்டியில் அள்ளிக்கொண்டு போய் வயலில் கொட்டுகிறோம். அதற்குப் பிறகு சில வருஷங்களுக்கு அந்த ஆழம் நிற்கும். கண்மாயில் தண்ணீர் வந்து தங்குகிறது, வண்டல் மெல்லப் படிகிறது. ஆறு அப்படி இல்லீங்க. அது தண்ணீர் ஓடுகிற வழி மட்டுமல்ல, மண் ஓடுகிற வழியும்கூட. ஒரு ஆற்றின் ஆழம் என்பது, மேலேயிருந்து எவ்வளவு மண் வருகிறது, அதைத் தள்ளிக்கொண்டு போக எவ்வளவு வேகம் இருக்கிறது என்ற வரவு செலவுக் கணக்கில் மிஞ்சுவது. கணக்கை மாற்றாமல் குழியை மட்டும் தோண்டினால், அந்த இடத்தில் ஆறு அகலமாக, ஆழமாக ஆகும். அகலமானால் வேகம் குறையும், வேகம் குறைந்தால் மண் படியும். தோண்டிய குழிதான் மண்ணைக் கூப்பிட்டு உட்கார வைக்கிறது.

தூத்துக்குடியில் இந்தத் தொல்லை அதிகம் இல்லை. அங்கே கடலடி பாறை, பக்கத்தில் மண் கொண்டுவந்து கொட்டுகிற பெரிய ஆறு இல்லை. கஷ்டப்பட்டு ஒரு தடவை வெட்டினால் வெட்டியது வெட்டியதுதான். ஹூக்ளியில் வெட்டுவது முடிவதே இல்லை. ஒன்று வீடு கட்டுகிற செலவு, மற்றது வாடகை. திட்டம் போடுகிறவர்கள் பல நேரம் முதல் செலவை மட்டும் காகிதத்தில் எழுதிவிட்டு வாடகையை மறந்துவிடுகிறார்கள்.

ஹூக்ளி என்பது கங்கையின் ஒரு கிளை. கங்கை வங்காளத்துக்குள் நுழைந்ததும் பிரிகிற பாகீரதிதான் கீழே ஹூக்ளி ஆகிறது. அதன் கரையில், கடலிலிருந்து 200 கிலோமீட்டருக்கு மேல் உள்ளே தள்ளி, கல்கத்தா துறைமுகம். கடலிலிருந்து வருகிற கேப்டன் தானாக அந்தத் தூரத்தை ஓட்டி வர முடியாது. ஆற்றின் ஒவ்வொரு மணல்திட்டையும் மனப்பாடமாக வைத்திருக்கிற பைலட் ஒருவர் ஏற வேண்டும். அந்தத் திட்டுகளுக்குப் பேர் உண்டு. ஒன்றின் பேர் 'ஜேம்ஸ் அண்ட் மேரி'. 1694-ல் அதில் சிக்கி மூழ்கிய ஒரு கப்பலின் பேர் அது. கப்பல் போய் 300 வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது, பேர் மட்டும் வரைபடத்தில் நிற்கிறது.

சிக்கல் இதுதான். பாகீரதி கங்கையிலிருந்து பிரிகிற வாய் மெல்ல மெல்ல மண் மேவி, மழைக்காலம் தவிர மற்ற மாதங்களில் அடைபட்டுப் போனது. மேலேயிருந்து நன்னீர் வரவில்லை. கீழே கடல் மட்டும் தினமும் ரெண்டு தடவை ஏறி இறங்குகிறது. ஏறும்போது குறைந்த நேரத்தில் வேகமாக ஏறும். சில நாட்களில் சுவர் மாதிரி எழும்பி வரும், கரையில் கட்டிய படகெல்லாம் நடு ஆற்றுக்கு ஓடும். இறங்கும்போது நிதானமாக இறங்கும். வேகமாக ஏறுகிற தண்ணீர் கடலடி மண்ணைக் கிளறிக்கொண்டு உள்ளே வருகிறது. நிதானமாக இறங்குகிற தண்ணீருக்கு அதைத் திருப்பி எடுத்துப் போகத் தெம்பு இல்லை. கொஞ்சம் கொஞ்சமாக மிச்சம் தங்குகிறது. முன்பெல்லாம் மழைக்காலத்து வெள்ளம் வந்து இந்த மிச்சத்தை வாரிக்கொண்டு போகும். கீழ்ப்பகுதியில் அந்த வேலையைச் செய்ததில் முக்கியமானது தாமோதர் ஆற்றின் வெள்ளம். 1948-ல் தாமோதர் பள்ளத்தாக்குக் கழகம் வந்தது. மைத்தான், பஞ்சேத் அணைகள் 1950-களில் எழுந்தன. வெள்ளத்தால் செத்துக்கொண்டிருந்த ஜனங்களுக்கு அது பெரிய உதவி, அதை நான் குறை சொல்லவில்லை. ஆனால் வருஷத்துக்கு ஒரு தடவை கூலி கேட்காமல் ஹூக்ளியைக் கழுவிவிட்டுக்கொண்டிருந்த வேலைக்காரன் நின்று போனான்.

கல்கத்தாவைக் காப்பாற்றக் கங்கையை மறித்துத் தண்ணீரைத் திருப்ப வேண்டும் என்ற யோசனை பழசு. 1850-களிலேயே சொன்னவர் ஆர்தர் காட்டன். நமக்குத் தெரிந்த காட்டன்தான். முக்கொம்பில் மேலணை கட்டியவர், கோதாவரியில் தவளேஸ்வரம் கட்டியவர், சின்ன வயசு அதிகாரியாகப் பாம்பன் நீர்வழியை அளந்தவர். யோசனை நூறு வருஷம் காகிதத்தில் கிடந்து, 1961-ல் வேலை தொடங்கி, 1975 ஏப்ரலில் ஃபராக்கா தடுப்பணை இயங்க ஆரம்பித்தது. நீளம் 2 கிலோமீட்டருக்கு மேல், 109 மதகுகள். அங்கிருந்து சுமார் 38 கிலோமீட்டர் கால்வாய் வெட்டி, வினாடிக்கு 40,000 கன அடி தண்ணீரைப் பாகீரதிக்குத் திருப்பினார்கள். அந்த 40,000 கன அடி வந்து மண்ணைத் தள்ளிக்கொண்டு கடலில் விட்டுவிடும் என்பது கணக்கு. நம் கண்மாயில் மடையைத் திறந்தால் மடைவாய்க்கு முன்னால் தானாகக் குழி விழும் இல்லையா, அந்தத் தத்துவம்தான்.

தத்துவத்தில் தப்பு இல்லை. கல்கத்தா பக்கத்தில் பலன் தெரிந்தது. குடிதண்ணீரில் உப்பு குறைந்தது, மேல்பகுதியில் ஆற்றுக்கு உயிர் வந்தது. ஆனால் கீழே ஹால்டியா பக்கம், ஆறு பல மைல் அகலத்துக்கு விரிகிற முகத்துவாரத்தில், எதிர்பார்த்த ஆழம் கிடைக்கவில்லை. அத்தனை அகலமான கடல்வாயில் அந்த 40,000 கன அடி, அண்டாவில் ஊற்றிய ஒரு டம்ளர் பால் மாதிரி. கல்கத்தாவுக்குப் பெரிய கப்பல் வராது என்று தெரிந்துதான் ஹால்டியாவில் கப்பல்துறை கட்டி 1977-ல் திறந்தார்கள். அங்கேயும் இன்று சுமார் 8 மீட்டர் அமிழ்கிற கப்பல்தான் வர முடியும், அதுவும் கடல் ஏறுகிற நேரம் பார்த்து. முழுச் சரக்கேற்றிய பெரிய கப்பலுக்கு 12, 14 மீட்டர் வேண்டும். அதனால் பாரதீப்பிலோ விசாகப்பட்டினத்திலோ பாதிச் சரக்கை இறக்கிவிட்டு மீதியோடு வருவார்கள். இல்லாவிட்டால் நடுக்கடலில் மிதவைக் கிரேன் வைத்துச் சின்னப் படகுகளுக்கு மாற்றுவார்கள். பாதிக் கூடை காய்கறியை வழியில் வைத்துவிட்டுச் சந்தைக்குப் போகிற கதை.

இவ்வளவையும் முன்கூட்டியே சொன்ன ஒரு இன்ஜினியர் இருந்தார். கபில் பட்டாச்சார்யா, வங்காளத்து நீர்ப்பாசன இன்ஜினியர். தாமோதர் அணைகள் ஹூக்ளியைத் தூர்த்துவிடும், ஃபராக்காவிலிருந்து கோடையில் வருகிற தண்ணீர் போதாது, அணைக்கு மேலே மண் தேங்கி மால்டாவிலும் முர்ஷிதாபாத்திலும் பிகாரிலும் வெள்ளமும் கரையரிப்பும் வரும் என்று எழுதினார். ஆற்று நீர் எல்லை தாண்டுகிற விவகாரம் ஆயிற்றே, அவரைப் பாகிஸ்தானுக்குப் பரிந்து பேசுகிறவர் என்றுகூடத் தூற்றினார்கள். 2016-ல் பிகார் வெள்ளத்தின்போது அன்றைய முதலமைச்சர் நிதிஷ்குமார், ஃபராக்காவால்தான் கங்கையில் மண் தேங்குகிறது, அணையையே எடுத்துவிடுங்கள் என்று பிரதமரிடம் கேட்டார். நம் கல்லூரியில் எங்களுக்குக் கரிகாலன் கல்லணையும் காட்டனும் சொல்லிக்கொடுத்தார்கள். கபில் பட்டாச்சார்யா பேரை யாரும் சொல்லவில்லை. மாணவத் தம்பிகள் இந்தப் பேரையும் குறித்துக்கொள்ள வேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

எங்கள் சர்வே படகில் மால்டா மாவட்டத்துக்காரர் ஒருவர் வேலை பார்த்தார். என்னைவிட வயதில் மூத்தவர், அவரைத் 'தாதா' என்று கூப்பிடுவேன். அங்கே அண்ணனுக்கு அப்படித்தான் சொல்வார்கள். ஃபராக்காவுக்கு மேலே, கங்கையின் இடது கரையில் பஞ்சானந்தபூர் என்று பெரிய ஊர் இருந்தது. கடைத்தெரு, பள்ளிக்கூடம் எல்லாம் உள்ள ஊர். கங்கை அதைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுவிட்டது. இவருடைய ஊர் அதற்குப் பக்கம். ஆறு நெருங்கி வருகிறது என்று தெரிந்ததும் அங்கே ஜனங்கள் அழுதுகொண்டு உட்காருவது இல்லை. வீட்டைத் தாங்களே இடிக்கிறார்கள். செங்கல், ஓடு, கதவு, ஜன்னல் எல்லாவற்றையும் கழற்றி வண்டியில் ஏற்றி உள்ளே தள்ளிப்போய் அடுக்குகிறார்கள். தாதாவின் குடும்பம் நாலு தடவை இப்படி வீட்டைக் கழற்றியிருக்கிறது. "ஒரே கதவுதான் தம்பி, நாலு வீட்டுக்கும். அந்தக் கதவு இன்னும் எங்ககிட்ட இருக்கு, நிலம்தான் இல்லை" என்றார். கங்கை இயல்பாகவே அலைகிற ஆறுதான், அணைக்கு முன்பும் கரை அரித்தது. ஆனால் நடு ஆற்றில் 2 கிலோமீட்டர் சுவர் வைத்த பிறகு, மண் மேலே தேங்கி, ஆறு இடது பக்கம் தோளைச் சாய்த்து இடிக்கிறது என்பதை வரைபடம் பார்த்த யாரும் மறுக்க மாட்டார்கள். நிலம் போன பிறகு பிழைப்புத் தேடிக் கீழே வந்தவர், எந்தக் கப்பல் பாதைக்காக அந்த அணை கட்டப்பட்டதோ, அதே பாதையில் கூலிக்கு ஆழம் அளந்துகொண்டிருந்தார். அவர் இதைப் புகாராகச் சொல்லவில்லை. பீடியைப் பற்ற வைத்துக்கொண்டு, ஒரு வேடிக்கை மாதிரி சொன்னார்.

ஹில்சா மீனையும் சொல்ல வேண்டும், வங்காளிகள் கோபித்துக்கொள்வார்கள். கடலிலிருந்து முட்டையிட ஏறுகிற மீன், ஒரு காலத்தில் அலகாபாத் வரை போனது. ஃபராக்காவுக்குப் பிறகு மேலே அது அருகிவிட்டது. எல்லைக்கு அந்தப்புறம் வங்கதேசத்தில் கோடையில் ஆறு வற்றுகிறது என்பது இன்னொரு பெரிய வழக்கு. 1996 டிசம்பர் 12-ல் இரண்டு நாடும் 30 வருஷத்துக்கு ஒப்பந்தம் போட்டன. கோடையில் ஃபராக்காவுக்கு வருகிற தண்ணீர் வினாடிக்கு 70,000 கன அடியோ அதற்குக் குறைவோ ஆனால் ஆளுக்குப் பாதி. அப்படியானால் ஹூக்ளிக்கு வேண்டிய 40,000 எங்கே போவது? தேவை அதிகமாக இருக்கிற நேரத்தில்தான் அது கிடைப்பது இல்லை. அந்த 30 வருஷக் கணக்கு 2026 டிசம்பரோடு நிறைவடைகிறது.

சரி, டிரெட்ஜர் என்னதான் செய்கிறது? வீட்டில் வேக்குவம் கிளீனர் பார்த்திருப்பீர்கள். கப்பலின் பக்கவாட்டில் யானைத் துதிக்கை மாதிரி குழாயை இறக்கி, மெல்ல ஓடிக்கொண்டே மண்ணையும் தண்ணீரையும் உறிஞ்சி வயிற்றில் நிரப்பும். மேலே தெளிந்த தண்ணீர் வழியும், மண் அடியில் தங்கும். வயிறு நிரம்பியதும் தூரப் போய் அடிக் கதவைத் திறந்து கொட்டிவிட்டு வரும். கொட்டுகிற இடமும் அதே முகத்துவாரத்தில்தான் என்றால், அடுத்த ஏற்றத்தில் அதில் ஒரு பங்கு திரும்பி வந்துவிடும். வாசலைப் பெருக்கிக் குப்பையைத் தெருவில் எதிர்க்காற்றுக்குத் தள்ளினால் என்ன ஆகும்? அதேதான். இதற்கு மத்திய அரசு பல வருஷம் ஆண்டுக்கு நூற்றுக்கணக்கான கோடி மானியம் கொடுத்தது.

பணம் எப்படிக் கொடுக்கப்படுகிறது என்பதும் முக்கியம். தோண்டிய கன மீட்டருக்கு இவ்வளவு என்று கொடுத்தால், மண் திரும்பி வருவது யாருக்கும் கவலை இல்லை, சிலருக்கு லாபம்கூட. அமெரிக்காவில் மிசிசிப்பி ஆற்றின் வாயில் ஒருத்தர் இதைத் தலைகீழாக்கினார். ஜேம்ஸ் ஈட்ஸ் என்ற இன்ஜினியர். 1875-ல் அரசாங்கத்தோடு போட்ட ஒப்பந்தப்படி, குறிப்பிட்ட ஆழம் வந்தால்தான் பணம், வராவிட்டால் இல்லை. அவர் பெரும்பாலும் தோண்டவே இல்லை. ஆற்று வாயின் ரெண்டு பக்கமும் வில்லோ மரக் கொம்புகளைப் பாய் மாதிரி முடைந்து, கல் ஏற்றி அமிழ்த்தி, கடலுக்குள் நீளச் சுவர் எழுப்பினார். ஆறு ஒடுங்கியது, வேகம் வந்தது, தன் வாயைத் தானே கழுவிக்கொண்டது. 8, 9 அடி இருந்த இடத்தில் 1879-ல் 30 அடி ஆழம் நின்றது. நம் நாட்டிலும் கங்கை நீர்வழியில் பின்னாளில் 'ஆழத்துக்கு உத்தரவாதம்' என்ற முறையில் ஒப்பந்தம் போட ஆரம்பித்தார்கள். நல்ல மாற்றம்.

இதைவிட என் மனசுக்குப் பிடித்தது நம் நாட்டு முறை ஒன்று. கங்கையில் தலைமுறைகளாகச் செய்கிறார்கள், 'பண்டல்' என்று பேர். தண்ணீர் குறைந்த காலத்தில் ஆற்றில் மூங்கிலை வரிசையாக நட்டு, நீரோட்டத்துக்குச் சாய்வாக, மேல்பாதியில் மட்டும் தட்டி கட்டுவார்கள். அடிப்பாதி திறந்திருக்கும். மேல் தண்ணீரில் மண் குறைவு. தட்டியில் மோதி அது நடுத்தடத்துக்குத் திரும்பி, அங்கே வேகம் கூட்டி அடியை அரிக்கும். மண் அதிகமுள்ள அடித் தண்ணீர் தட்டிக்குக் கீழே நுழைந்து, பின்னால் வேகம் இழந்து மண்ணைப் போட்டுவிடும். பக்கம் மேடாகும், நடுத்தடம் ஆழமாகும். வெள்ளம் வந்தால் மூங்கில் போய்விடும், அடுத்த வருஷம் ஆறு இருக்கிற இடம் பார்த்துத் திரும்ப நட வேண்டும். கணினியில் மாதிரி ஓட்டிக் கண்டுபிடித்ததில்லை இது. படகுக்காரன் கண்ணால் பார்த்துப் பார்த்துக் கண்டது.

ஹால்டியாவிலும் புத்தி வந்த ஒரு சம்பவம் உண்டு. ஆக்லாந்து என்ற தடத்தில் வருஷக் கணக்கில் தோண்டிக்கொண்டே இருந்தார்கள். அதே நேரம் பக்கத்தில் ஈடன் என்ற தடம் தானாக ஆழமாகிக்கொண்டு வந்தது. 2010-களில் கப்பல் பாதையை அந்தப் பக்கம் திருப்பினார்கள். ஆற்றோடு மல்லுக்கட்டுவதை விட்டு, அது போன வழியில் போனார்கள். ஈடனும் என்றைக்காவது மேவலாம். அதற்குத்தான் என்னை மாதிரி ஆட்கள் தினமும் அளக்கிறோம்.

இப்போது நம்ம ஊர்ப் பக்கம் வருவோம். 2016-ல் தேசிய நீர்வழிகள் சட்டம் வந்தது. நாட்டில் மொத்தம் 111 நீர்வழிகள். அந்தப் பட்டியலில் வைகை இருக்கிறது. சிரிக்காதீங்க, நிஜமாகத்தான். தாமிரபரணியும் இருக்கிறது. திருநெல்வேலி சுலோசன முதலியார் பாலத்திலிருந்து புன்னைக்காயல் கடல் வரை 64 கிலோமீட்டர். சட்டம் வந்ததே தவிர அந்த ரெண்டு ஆற்றிலும் கப்பல் ஓடவில்லை. ஆனால் சட்டத்தில் பேர் இருக்கிறது என்பதால், 'ஆழப்படுத்துகிறோம்' என்று ஒருநாள் யாராவது ஒரு திட்டத்தோடு வரலாம். அந்த 64 கிலோமீட்டருக்குள் மருதூர் அணைக்கட்டும் ஸ்ரீவைகுண்டம் அணைக்கட்டும் இருக்கின்றன, ரெண்டும் வயலுக்குத் தண்ணீர் கொடுப்பவை. படகு அவற்றை எப்படித் தாண்டும்? கடல்வாயை ஆழமாக்கினால் உப்புத் தண்ணீர் ஆற்றோடு மேலே ஏறும், கரையோர வாழைத்தோட்டத்துக் கிணறு என்ன ஆகும்? எல்லாவற்றுக்கும் மேலே, தோண்டுகிற மணல் யாருக்குப் போகும்? ஹூக்ளியில் எடுப்பது சேறு, அதை யாரும் விலை கொடுத்து வாங்க மாட்டார்கள். தாமிரபரணியில் கிடப்பது மணல், லோடு என்ன விலை என்று வீடு கட்டுகிற எல்லாருக்கும் தெரியும். அந்த மணலுக்காகத்தான் நல்லகண்ணு ஐயா மதுரை உயர்நீதிமன்றக் கிளையில் தானே வாதாடி, 2010 டிசம்பரில் தாமிரபரணியில் மணல் அள்ளத் தடை வாங்கினார். ஸ்ரீவைகுண்டம் அணையில் தூர் வாருகிற விவகாரமே 2015-ல் பசுமைத் தீர்ப்பாயம் வரை போனது. ஆற்றை ஆழமாக்குவதற்காக மணல் எடுக்கிறார்களா, மணல் எடுப்பதற்காக ஆற்றை ஆழமாக்குகிறார்களா என்று முதலில் கேட்க வேண்டும்.

அந்த ஆறு தன் துறைமுகத்தை என்ன செய்தது என்பதையும் பார்க்கலாம். கொற்கை பாண்டியர் காலத்து முத்துத் துறைமுகம், கடல் கரையில் இருந்த ஊர். இன்றைக்குப் போய்ப் பாருங்கள், கடல் சுமார் 6, 7 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது, சுற்றிலும் வாழையும் வயலும். தாமிரபரணி கொண்டுவந்த மண் கடலைத் தள்ளிவிட்டது. துறைமுகம் கடலைத் தேடிக் காயலுக்குப் போனது. மார்க்கோ போலோ குறிப்பிடுகிற காயல் அதுதான். அதுவும் மேவியது. அப்புறம் புன்னைக்காயல். கடைசியில் ஆற்றை விட்டே விலகித் தூத்துக்குடி. கால்டுவெல் இதையெல்லாம் நடந்து பார்த்து, தோண்டிப் பார்த்து எழுதியிருக்கிறார். ஆயிரத்து சொச்சம் வருஷம் நம் முன்னோர் ஆற்றோடு சண்டை போடவில்லை, துறைமுகத்தைத் தூக்கிக்கொண்டு நகர்ந்தார்கள். கல்கத்தா மாதிரி ஒரு பெருநகரம் கரையில் உட்கார்ந்துவிட்டால் அப்படி நகர முடியாது என்பது உண்மை. ஆனால் நமக்கு அந்தக் கட்டாயம் இல்லை. தூத்துக்குடி இருக்கிறது, ராஜபாளையத்திலிருந்து ரோடு இருக்கிறது.

இங்கே வந்திருக்கிற இறுதியாண்டு சிவில் மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். புராஜெக்ட் என்றால் எல்லாரும் பத்து மாடிக் கட்டடம்தான் எடுக்கிறீர்கள். நாலு பேர் சேர்ந்து ஸ்ரீவைகுண்டம் அணைக்கும் புன்னைக்காயலுக்கும் நடுவில் ஒரு பத்து இடத்தைத் தேர்ந்தெடுத்து, மழைக்கு முன் ஒரு தடவை, மழைக்குப் பின் ஒரு தடவை ஆற்றின் குறுக்குவெட்டை அளந்து வையுங்கள். பெரிய சாமான் வேண்டியதில்லை. ஒரு வள்ளம், அடி குறித்த ஒரு கம்பு, கையில் இருக்கிற செல்போனில் ஜிபிஎஸ், இவ்வளவு போதும். அடுத்த செட் அதே இடத்தில் திரும்ப அளக்கட்டும். பத்து வருஷம் சேர்ந்தால், யார் எந்தத் திட்டத்தோடு வந்தாலும் மேசையில் எடுத்து வைக்க நம்மிடம் ஒரு கணக்கு இருக்கும். வள்ள வாடகை என் பொறுப்பு. முதல் தடவை நானே லீவு போட்டுக்கொண்டு வந்து கம்பு பிடிக்கக் கற்றுத் தருகிறேன். என் நம்பர் சங்க அலுவலகத்தில் இருக்கிறது.